சதுக்கத்தின் மீதி இடம்

அன்புள்ள ராமநாதனுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. வீட்டில் அவர்களுக்குக் கண் அறுவை சிகிச்சை நல்லபடியாக முடிந்ததில் நிம்மதி. மலர்விழி நாளிதழில் உதவி ஆசிரியராகச் சேர்ந்து, வெளிநாட்டுச் செய்திகளைக் கவனிக்கிறாள் என்று படித்ததும், திருவல்லிக்கேணி மேன்ஷனில் நாம் தங்கியிருந்த 2003ஆம் ஆண்டு நினைவுக்கு வந்துவிட்டது.

ஏப்ரல் 9 அன்று பாக்தாதின் ஃபிர்தௌஸ் சதுக்கத்தில் சதாம் உசேனின் சிலை சாய்ந்ததை, கீழ்த்தளத் தொலைக்காட்சியின் முன் நின்றுகொண்டே பார்த்தோம். திரை முழுக்க மனிதத் தலைகள். நகரமே திரண்டுவிட்டது, ஈராக் போர் முடிந்தது என்று உன்னிடம் அடித்துச் சொன்னேன். பின்னாளில் அதே சதுக்கத்தை உயரத்திலிருந்து எடுத்த படத்தைப் பார்த்தபோது எனக்குத் திக்கென்றது. சிலையைச் சுற்றி மட்டும் கூட்டம்; மீதி இடம் பெரும்பாலும் வெறிச்சோடிக் கிடக்க, அமெரிக்கக் கவச வண்டிகள் நின்றன. சிலையை இழுத்துச் சாய்த்ததும் அவர்களுடைய வண்டிதான். எதிரிலேயே வெளிநாட்டுச் செய்தியாளர்கள் தங்கியிருந்த பாலஸ்தீன் ஹோட்டல் என்பதால் கேமராக்களுக்குப் பஞ்சமில்லை. அந்த ஹோட்டலை முந்தின நாள்தான் அமெரிக்க டாங்கி ஒன்று சுட்டு, இரண்டு ஒளிப்பதிவாளர்களைக் கொன்றிருந்தது. நாம் பார்த்த காட்சி பொய்யல்ல. அங்கே ஆடியவர்களின் மகிழ்ச்சியும் மெய்தான். ஆனால் கேமரா அவ்வளவு நெருங்கி நின்றதால், எஞ்சிய சதுக்கம் நம் கண்ணுக்கு எட்டவில்லை. அமெரிக்கப் படை வெளியேற 2011 டிசம்பர் ஆயிற்று.

இதையே நம் நாளிதழ்கள் ஒரு சொல்லில் செய்துவிடுகின்றன. 'குண்டுவீச்சில் 20 பேர் பலி' என்று தலைப்பு வரும். யாருடைய விமானம் என்பது ஐந்தாம் பத்தியில் இருந்தால் உண்டு. பலி என்பது தெய்வத்துக்குப் படைப்பது. கொன்றவர் யார் என்று கேட்காமலே, செத்தவர்களை அச்சொல் படையலாக்கிவிடுகிறது. அதே தாளில் எதிர்த்தரப்பின் செயல் மட்டும் 'கொன்று குவித்தனர்' என்று செய்தவர் பெயரோடு வரும்போது, வாசகர் மனத்தில் ஒரு சாவு கொலையாகவும் மற்றது புயல், வெள்ளம்போலவும் பதிந்துவிடுகிறது. முள்ளிவாய்க்கால் காலத்தில் 'மனிதாபிமான நடவடிக்கை' என்று இலங்கை அரசு அந்தப் போருக்குச் சூட்டிய பெயரைக் கேட்டுத் துடித்த நாம், பிறர் சாவிலும் அந்தக் கவனத்தைக் காட்டத்தானே வேண்டும்?

ஒற்றைப் பத்தி அகலமே உள்ள தலைப்பில் கொன்றவர் பெயருக்கு இடம் கிடைக்கிறதா, இல்லையென்றால் எந்தச் சொல்லை வெட்டுகிறாள் என்று மலர்விழியிடம் கேட்டு எழுது. தை பிறந்ததும் நேரில் வருகிறேன்.

அன்புடன்,
சுந்தரம்