பின்படிக்கட்டை அடைக்காமல் விட்டவர்களுக்கு நன்றி

அன்புள்ள அனைவருக்கும்,

இந்த வீட்டைக் காப்பாற்றப் போகிறோம் என்றதும், "போயும் போயும் அந்த வீட்டையா?" என்றுதான் பலரும் கேட்டார்கள். ஊர் வாயில் தலைமுறை தலைமுறையாக அடிபட்ட வீடு. பெரிய மனிதர்கள் இரவில் பின்வாசல் வழியாக வந்து போன வீடு. வந்தவர்கள் பெயரை ஊர் மறந்துவிட்டது. இங்கே இருந்த பெண்கள் மீதான ஏச்சை மட்டும் மறக்கவில்லை. அதையெல்லாம் பொருட்படுத்தாமல் வந்து நின்றீர்கள்.

முதல் நன்றி கொத்தனார்களுக்கு. பழைய சுண்ணாம்புச் சுவர் ஈரத்தை வாங்கி வெளியே விட்டுவிடும். இடையில் பூசிய சிமெண்ட் அந்த வழியை அடைத்துவிட்டதால் ஓதம் தங்கி, உப்புப் பூத்து, செங்கல் பொரிந்து உதிர்ந்துகொண்டிருந்தது. செங்கல் சேதமாகாமல் சிமெண்டை உளியால் கொத்தி எடுக்கவே வாரக்கணக்கில் ஆயிற்று. நான் அவசரப்பட்டபோதெல்லாம் "சுவர் காயட்டும்மா" என்றீர்கள். காய்ந்த பிறகுதான் சுண்ணாம்புக் காரை ஏறியது.

ஆசாரி ஐயா, மாடி உத்திரத்தையே மாற்றிவிடலாம் என்று நாங்கள் சொன்னோம். சுவருக்குள் இருந்த முனை மட்டும்தான் உளுத்திருக்கிறது என்று தட்டிக் காட்டினீர்கள். அதை மட்டும் அறுத்து, புது மரம் சேர்த்து, அதில் வருடத்தையும் செதுக்கினீர்கள். புதிதாகச் சேர்ப்பது பழையதோடு இசைய வேண்டும், ஆனால் பழையதென்று ஏமாற்றக் கூடாது என்கிறது பழைய கட்டடங்களைப் பாதுகாப்பதற்கான நெறிகளைச் சொல்லும் 1964-ஆம் ஆண்டு வெனிஸ் சாசனம். ஊகம் தொடங்கும் இடத்தில் புதுப்பிப்பு நின்றுவிட வேண்டும் என்பதும் அதில் உண்டு. வீட்டின் கதையை எழுதும்போதும் அதையே பிடித்துக்கொண்டோம். காகிதத்தில் சான்று உள்ளதை எழுதினோம். வதந்தியை வதந்தி என்றே குறித்தோம்.

பின்படிக்கட்டைச் செங்கல் வைத்து அடைத்துவிடலாம், குடும்பத்தோடு வருபவர்களுக்குச் சங்கடம் என்று யோசனை வந்தபோது நானும் தடுமாறினேன். மூத்தவர் ஒருவர் எங்களை அந்தப் படி வழியாகவே மேலே அழைத்துப்போனார். மாடி அறைக் கதவைக் காட்டினார். தாழ்ப்பாள் வெளிப்பக்கம் இருந்தது. உள்பக்கம் தாழ்ப்பாளே இல்லை. அதன்பின் யாரும் அடைப்பதைப் பற்றிப் பேசவில்லை. ஐயா, நீங்கள் காட்டிய அந்தத் தாழ்ப்பாளைத் துரு நீக்கி, எண்ணெய் இட்டு, இருந்த இடத்திலேயே விட்டிருக்கிறோம்.

பெயர் வெளியே வரக் கூடாது என்று சொல்லி, பாட்டியின் கடிதங்களையும் ஒரே புகைப்படத்தையும் எங்களை நம்பிக் கொடுத்த அம்மாவுக்கு எப்படி நன்றி சொல்வது? கொடுக்க வந்த அன்றும் பழக்கதோஷம்போல் பின்பக்கமாகவே வந்து நின்றீர்கள். வேலை முடிந்துவிட்டது அம்மா. முன்வாசல் வழியாக வாருங்கள்.