பேர் வரலைன்னா பரவாயில்லை

மாப்ளே,

ஆறு மாசமா ஒரு வரி எழுதலை. திட்டறதை நேர்ல வந்து திட்டு. வீட்டுல எல்லாரும் நலம். பெரியவ பத்தாவது வந்தாச்சு. அவளைவிட அவ அம்மாதான் ராத்திரி முழிச்சு உக்காந்திருக்கா.

எழுதற காரணம் வேற. போன ஞாயிறு, நமக்குப் படம் ஓட்டின புரொஜெக்டர் அண்ணனைப் பார்க்கப் போனேன். அவருக்கு ஞாபகம் நழுவ ஆரம்பிச்சிருச்சுடா. என் கையைப் பிடிச்சுக்கிட்டார், ஆனா பேர் வரலை. உன்னை "அந்த உயரமானவன்"னு கேட்டார்.

லேப்டாப்ல ஸ்வீடன் இயக்குநர் இங்மார் பெர்க்மனோட 'ஏழாவது முத்திரை' படத்தைப் போட்டேன். சாவோட சதுரங்கம் ஆடற வீரனையே வாயைப் பொளந்து பார்க்கறீங்க, பக்கத்துல நிக்கிற ஏவலாளைப் பாருங்கடான்னு நம்மகிட்ட எத்தனை ராத்திரி சண்டை போட்டிருப்பார்! தேவாலயச் சுவர்ல சாவின் நடனத்தை வரையற ஓவியன்கிட்ட ஏவலாள் பேச்சுக் கொடுக்கற இடம் வந்ததும் அண்ணன் மூஞ்சி மலர்ந்துபோச்சு. "இவன்... இவன்..."னு விரலைச் சொடுக்கினார். நான் பொறுக்காம "குன்னர் பியோர்ன்ஸ்ட்ராண்ட் அண்ணே"ன்னு எடுத்துக் கொடுத்துட்டேன். அவ்வளவுதான், மூஞ்சி சுருங்கிருச்சு. அப்புறம் படத்தையே பார்க்கலை.

ராத்திரி தூக்கம் வரலை. அதே பெர்க்மனோட 'ஃபேனி அண்ட் அலெக்சாண்டர்' படப்பிடிப்பைப் பத்தின ஆவணப்படத்தைப் போட்டு உக்காந்தேன். நீ அதைப் பார்த்தே ஆகணும். பியோர்ன்ஸ்ட்ராண்டுக்கு அப்போ எழுபது தாண்டியாச்சு, ஞாபகம் விட்டுப்போய்க்கிட்டிருக்கு. நாடகக் குழுவுல ஒரு வயசான நடிகனா சின்ன வேஷம். ஷேக்ஸ்பியரோட 'பன்னிரண்டாம் இரவு' கோமாளியா, தினம் தினம் மழை பெய்யுதுன்னு வர்ற அந்தக் கடைசிப் பாட்டைப் பாடணும். வரி பாதியில நின்னுபோகுது. மறுபடியும் எடுக்கறாங்க, மறுபடியும் நிக்குது. செட்டுல கோபத்துக்குப் பேர்போன பெர்க்மன், குரலை உசத்தாம காத்துக்கிட்டிருக்கார்.

பியோர்ன்ஸ்ட்ராண்ட் எப்பேர்ப்பட்ட நடிகர்டா! 1909ல ஸ்டாக்ஹோம்ல பிறந்தவர், அப்பாவும் நடிகர். ராயல் டிராமாட்டிக் தியேட்டர் பள்ளியில நடிகை இங்ரிட் பெர்க்மனோட படிச்சவர். அந்தப் பொண்ணு ஹாலிவுட் போய் நட்சத்திரமாயிட்டா. இவர் நாடகம், சில்லறை வேஷம், நகைச்சுவைப் படம்னு காலம் தள்ளினார். இயக்குநர் பெர்க்மன்கிட்ட முதல் வேஷம் 1946ல. அப்புறம் 1952ல, லிஃப்ட்டுக்குள்ள மாட்டிக்கிட்ட புருஷன் பொண்டாட்டியா ஏவா டால்பெக்கோட நடிச்ச காட்சி. நம்ம ஹால்ல ரெண்டு தடவை ஓட்டச் சொன்னோமே, அதேதான்!

அப்படிச் சிரிக்க வெச்ச மனுஷன் 1963ல 'விண்டர் லைட்'ல பாதிரியாரா வர்றார். காய்ச்சல், இருமல், நம்பிக்கை வத்திப்போன கண்ணு. வகுப்பறையில, தன்னை நேசிக்கற டீச்சர்கிட்ட, உன் சொறி, உன் கரிசனம் எதுவுமே எனக்குச் சகிக்கலைன்னு ஒண்ணொண்ணா சொல்வாரே, அங்க குரல்ல கோபமே இருக்காது. சோர்வுதான் இருக்கும். அதனாலதான் தாங்க முடியலை. கடைசியில கிட்டத்தட்ட ஆளே இல்லாத தேவாலயத்துல வழிபாட்டை ஆரம்பிப்பார். எத்தனை தடவை பார்த்தாலும் அந்த இடத்துல எனக்குத் தொண்டை அடைக்குது.

இவ்வளவையும் மூஞ்சியில சுமந்தவர் ஒரு பாட்டு வரிக்குத் திணறினார். அவர் போனது 1986ல. ஞாபகம் போகுதுன்னு தெரிஞ்சும் பெர்க்மன் அவரைக் கூப்பிட்டாரே, அந்த வேஷம் படத்துலயும் நின்னுருச்சே, அதை நினைச்சுக்கிட்டே விடியற வரைக்கும் உக்காந்திருந்தேன்.

பொங்கலுக்கு வர்றப்போ ரெண்டு நாள் கூடுதலா லீவு போடு. அண்ணன் வீட்டுக்குச் சேர்ந்தே போவோம். லிஃப்ட் காட்சியைப் போடுவோம். அவர் "இவன்... இவன்..."னு தேடினா நீ வாயைத் திறக்காதே. நானும் திறக்க மாட்டேன். எவ்வளவு நேரமானாலும் சரி.

வர்ற தேதியைச் சீக்கிரம் எழுது.

உன் பழைய ரூம்மேட்