பாதத்தை வெட்டிவிட்டு நடனத்தைக் காட்டாதீர்கள்

பழைய தமிழ்ப் படங்களை யூடியூபில் ஏற்றிவரும் உரிமைதாரர்களுக்கு,

வணக்கம்.

உங்களில் ஒருவர் கொடுத்த புகாரால், ரசிகர் ஒருவர் ஏற்றியிருந்த 1950களின் படம் ஒன்று சென்ற வாரம் நீக்கப்பட்டது. வீசிடியிலிருந்து எடுத்த மங்கலான பிரதிதான், ஆனால் முழுப் படம். சரி, உரிமைதாரரே ஏற்றியிருக்கிறாரே என்று உங்கள் 'எச்டி' பிரதியைப் பார்த்தேன். அதனால்தான் இந்த மடல்.

அந்தக் காலப் படங்கள் ஏறக்குறைய 4:3 அளவில் (அகலம் நான்கு பங்கு, உயரம் மூன்று பங்கு) எடுக்கப்பட்டவை. இன்றைய 16:9 திரையை நிரப்புவதற்காக மேலும் கீழும் வெட்டினால், உயரத்தில் கால் பங்கு போய்விடும். நடனக் காட்சியில் ஜதி கேட்கிறது, சலங்கை கேட்கிறது, ஆடுகிறவரின் பாதங்களை மட்டும் காணோம். நெருங்கிய காட்சிகளில் நெற்றி இல்லை. டைட்டில் இன்னும் மோசம். பெயர்ப்பட்டியலின் முதல் வரியும் கடைசி வரியும் சட்டகத்துக்கு வெளியே போய்விட்டன. கதாநாயகன் பெயருக்கு ஆபத்தில்லை, அது நடுவில் பெரிதாக இருக்கிறது. கடைசி வரியில் இருந்த உதவி ஒலிப்பதிவாளருக்கும் குழு நடனக்காரருக்கும் அந்தப் படத்தில் வேலை செய்ததற்கு அது ஒன்றுதான் சாட்சி. போதாக்குறைக்கு, படம் வந்தபோது விற்ற பாட்டுப் புத்தகத்தில் இருக்கும் மூன்று பாடல்கள் உங்கள் பிரதியில் இல்லை. உங்கள் சின்னம் மட்டும் ஒரு நொடிகூட மறையாமல் மூலையில் நிற்கிறது!

நாங்கள் கேட்பது ஒன்றுதான்: படத்தை எடுத்த அளவிலேயே, முழுதாக ஏற்றுங்கள். பக்கவாட்டில் கறுப்புப் பட்டை இருந்தால் யாரும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள்.

1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டப்படி, ஒரு படத்தின் உரிமை அது வெளியானதற்கு அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டுகளுக்குத்தான். 1950களின் படங்களுக்கு அந்தக் கெடு முடிந்துவிட்டது. (பாட்டுக்கும் கதைக்கும் தனிக் கணக்கு உண்டு, அந்த வழக்குக்கு நான் வரவில்லை.) கெடு முடிந்த படத்துக்குப் புகார் கொடுப்பதில் காட்டும் சுறுசுறுப்பை நெகட்டிவைத் தேடுவதில் காட்டியிருந்தால் எவ்வளவோ மிஞ்சியிருக்கும். நடராஜ முதலியார் எடுத்த மௌனப்படமான 'கீசக வதம்' இன்று இல்லை. முதல் தமிழ்ப் பேசும்படமான 1931இன் 'காளிதாஸ்' இல்லை. 2003இல் புனேயில் நடந்த தீ விபத்தில், எளிதில் தீப்பற்றும் பழைய நைட்ரேட் படச்சுருள்கள் எரிந்துபோயின. அதற்குப் பின் வந்த அசிடேட் சுருள் கெட்டுப்போகத் தீ கூட வேண்டாம், வெக்கையும் ஈரமும் போதும். வினிகர் நாற்றம் வர ஆரம்பித்தால் சுருள் சுருங்கத் தொடங்கிவிட்டது என்று அர்த்தம். உங்கள் கிடங்கைக் கடைசியாக யார் மோந்து பார்த்தார்கள்?

கோபத்தில் கொஞ்சம் கூடுதலாக எழுதிவிட்டேன், பொறுத்துக்கொள்ளுங்கள். கேட்க வந்ததைத் திரும்பக் கேட்கிறேன்: வெட்டாமல், எடுத்த அளவில், முழுப் படம். கையில் சுருள் இருந்தால் கெடுவதற்குள் ஸ்கேன் செய்து, தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்கு ஒரு பிரதி கொடுங்கள். கெடு முடிந்தவற்றை இன்டர்நெட் ஆர்க்கைவ் இணையதளம் போன்ற பொது இடத்திலும் வைக்கலாம். படத்தின் கீழே, எந்தப் பிரதியிலிருந்து எடுத்தது, எத்தனை நிமிடம் குறைகிறது என்று ஒரு வரி எழுதுங்கள். பாட்டுப் புத்தகங்களைச் சேர்த்து வைத்திருப்பவர்கள் எங்களில் நிறையப் பேர் உண்டு. எது விடுபட்டிருக்கிறது என்று சரிபார்த்துத் தருகிறோம், சம்பளம் வேண்டாம்.

இப்படிக்கு,
பழைய பட ரசிகன்