கதைக்குக் கீழே கைபேசி எண் எதற்கு?

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு,

வணக்கம். புனைபெயர்கள் பற்றிச் சென்ற மாத இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். மற்றதையெல்லாம் விட்டுவிடலாம். "சொந்தப் பெயரைப் போடத் துணிச்சல் இல்லாதவர்கள் எழுத வராமலே இருந்திருக்கலாம்" என்று போகிற போக்கில் ஒரு வரி எழுதியிருக்கிறாரே, அதைத்தான் என்னால் விழுங்க முடியவில்லை. தாங்களும் படித்துப் பார்த்துத்தானே அச்சுக்கு அனுப்பியிருப்பீர்கள்? சரி, இருக்கட்டும்.

கட்டுரையாளர் தன் பெயர், படம், ஊர், வகிக்கும் பதவி எல்லாவற்றையும் போட்டிருந்தார். கொடுத்து வைத்தவர். நான் அரசு உதவி பெறும் பள்ளி ஒன்றில் தமிழாசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவள். வேலைக்குச் சேர்ந்த புதிதிலிருந்தே வேறொரு பெயரில் சிறுகதை எழுதுகிறேன். சத்துணவுக் கூடத்து அரிசி ராத்திரியில் எங்கே போகிறது என்று ஒரு கதை எழுதினேன். அது வந்த வாரம் ஆசிரியர் அறையில் டிபன் பாக்ஸைத் திறந்து வைத்துக்கொண்டு ஒருவர் சத்தமாகப் படித்தார். இது எந்த ஊர்ப் பள்ளி, எழுதியது யார் என்று மற்றவர்கள் ஆளுக்கொரு பெயர் சொன்னார்கள். நான் தலை நிமிராமல் தயிர்சாதத்தைப் பிசைந்துகொண்டிருந்தேன். தாளாளர் காதுக்கு என் பெயர் எட்டியிருந்தால் மெமோ வந்திருக்கும். மெமோவுக்கு விளக்கம் எழுதுவது சிறுகதை எழுதுவதைவிடக் கஷ்டம்.

வீட்டில் மாமனார்தான் அந்தப் பத்திரிகைக்குச் சந்தாதாரர். விஷயம் தெரிந்திருந்தால் பேனாவைப் பிடுங்கியிருப்பார் என்று சொல்ல மாட்டேன், அவ்வளவு மோசமானவர் இல்லை. ஆனால் கதையில் வருகிற மாமியார் யார் என்று விசாரணை நடந்திருக்கும். ஒருநாள் அவரே என் கதையைப் படித்துவிட்டு, "யாரோ விவரமான ஆளு எழுதியிருக்கான்மா, நீயும் படிச்சுப் பாரு" என்று என்னிடமே நீட்டினார். என் புனைபெயரைப் பார்த்து ஆணா பெண்ணா என்று சொல்ல முடியாது. வேண்டுமென்றே அப்படி வைத்ததுதான். எனக்கு ஒன்றரை நூற்றாண்டு முன்னாலேயே இங்கிலாந்தில் நாவலாசிரியைகளான பிராண்டே சகோதரிகள் (சார்லட், எமிலி, ஆன்) மூன்று பேரும் இதைச் செய்திருக்கிறார்கள். 1846-இல் கரர், எல்லிஸ், ஆக்டன் பெல் என்ற பெயர்களில் கவிதைத் தொகுப்பு போட்டார்கள். பெண் எழுதியது என்று தெரிந்தால் வேறு கண்ணோடு பார்ப்பார்கள், அதனால்தான் அப்படிச் செய்தோம் என்று சார்லட் பின்னால் எழுதியே வைத்திருக்கிறார். இலக்கியம் ஒரு பெண்ணின் வாழ்க்கைத் தொழிலாக இருக்க முடியாது என்று அந்நாட்டு அரசவைக் கவிஞர் ராபர்ட் சவுதி 1837-இல் அவருக்கு எழுதிய கடிதம் தங்களுக்குத் தெரியாததல்ல.

துணிச்சலைப் பற்றிப் பேசுகிறவர்கள் 1908-ஐக் கொஞ்சம் நினைத்துப் பார்க்கலாம். 'இந்தியா' பத்திரிகையில் அனல் பறக்க எழுதியவர் பாரதி. ஆசிரியர் என்று பதிவேட்டில் பெயர் இருந்த பாவத்துக்குக் கைதாகிச் சிறைக்குப் போனவர் சீனிவாசன். பாரதி புதுச்சேரி போய்ச் சேர்ந்தார். காளிதாசன், சக்திதாசன் என்றெல்லாம் எழுதிய அவரையும் கட்டுரையாளர் கோழைகள் பட்டியலில் சேர்த்துவிடுவாரா? வடக்கே தன்பத் ராய் என்ற பள்ளித் துணை ஆய்வாளர், நவாப் ராய் என்ற பெயரில் எழுதிய கதைகளுக்காகக் கலெக்டர் முன்னால் போய் நிற்க வேண்டி வந்தது. பிரதிகளைப் பறிமுதல் செய்தார்கள். அவர் எழுதுவதை நிறுத்தவில்லை, பெயரை மாற்றிக்கொண்டார். இந்தி இலக்கியம் கொண்டாடும் பிரேம்சந்த் என்பது அந்த இரண்டாவது புனைபெயர்தான்.

அவ்வளவு தூரம் போவானேன்? துவரங்குறிச்சியில், வீட்டார் கண்ணில் படாமல் குளியலறையில் நின்று கவிதை எழுதினார் ஒரு பெண். எழுதிய தாள்களை வெளியே கொண்டுபோய்ச் சேர்த்தவர் அவருடைய தாய். சல்மா என்ற பெயர் இல்லாமல் அந்தக் கவிதைகள் அச்சேறியிருக்குமா? அவர் இன்று மாநிலங்களவை உறுப்பினர். எழுத வராமலே இருந்திருக்கலாம் என்பதை அவரிடம் போய்ச் சொல்லச் சொல்லுங்கள்.

ஆண்கள் பெயர் மாற்றினால் மட்டும் அது சுவையான செய்தி. குமுதத்தில் ஏற்கெனவே ஒரு ரங்கராஜன் இருந்ததால் இன்னொரு ரங்கராஜன் மனைவி பெயரை எடுத்துக்கொண்டு சுஜாதா ஆனார். முன்னால் இருந்த ரா.கி.ரங்கராஜனோ சூர்யா, ஹம்சா, மாலதி என்று எத்தனையோ பெயர்களில் எழுதிக் குவித்தார். இருவருமே நான் விரும்பிப் படித்தவர்கள், குறை சொல்லவில்லை. பக்கம் நிரம்ப வேண்டும் என்றால் பத்திரிகைக்குப் புனைபெயர் இனிக்கிறது, எங்களுக்குத் தேவைப்பட்டால் மட்டும் அது முகமூடியாகிவிடுகிறதா?

இன்னொன்று. முன்பெல்லாம் சன்மானம் மணியார்டரில் வரும். சொந்தப் பெயருக்கு அனுப்புங்கள் என்று கதையோடு சீட்டு வைத்துக் கெஞ்சினாலும் புனைபெயருக்கே அனுப்புவார்கள். தபால்காரர் தெருமுனையிலிருந்தே அந்தப் பெயரைக் கூப்பிட்டுக்கொண்டு வந்தார் ஒருமுறை. ஓடிப்போய், பள்ளிக்கூடத்தில் வந்து கொடுங்கள் என்று காலில் விழாத குறையாகக் கேட்டுக்கொண்டேன். அப்புறம் காசோலைக் காலம். புனைபெயருக்கு எழுதிய காசோலையை எந்த வங்கி வாங்கும்? திருப்பி அனுப்பினேன், பதிலே இல்லை. பதிப்புரிமைச் சட்டம்கூட எங்களுக்குக் கொஞ்சம் கை இறுக்கம்தான். சொந்தப் பெயரில் எழுதியவருக்கு ஆயுளுக்குப் பின் 60 ஆண்டு. யாரென்று கடைசிவரை சொல்லாதவருக்கு நூல் வெளிவந்ததிலிருந்து 60 ஆண்டு. இத்தாலியில் எலெனா ஃபெரான்டே என்ற புனைபெயரில் நாவல் எழுதுகிறவர் யார் என்று கண்டுபிடிக்க 2016-இல் ஒரு பத்திரிகையாளர் பணக் கணக்கையும் சொத்துப் பத்திரங்களையும் குடைந்தார். நாவலைப் படிக்கிற நேரத்தில் பத்திரப்பதிவைப் படித்திருக்கிறார் மனிதர்!

தங்கள் இதழிலும் எனக்கு இது நடந்தது. போன வருடம் வந்த என் கதைக்குக் கீழே அடைப்புக்குறிக்குள் சொந்தப் பெயரையும் கைபேசி எண்ணையும் போட்டுவிட்டீர்கள். ராத்திரி பத்து மணிக்கு முகம் தெரியாத ஒருவர், "அந்தக் கதையில வர்றது நீங்கதானா?" என்று கேட்டார். நாத்தனார் வீட்டில் இன்றுவரை என்னோடு பேச்சில்லை. வருத்தம் தெரிவித்து இரண்டு வரி வரும் என்று இதழ் இதழாகப் பார்த்தேன். இந்தக் கட்டுரைதான் வந்தது.

கேட்பது சின்ன விஷயம். படைப்பு அனுப்புகிறவர்கள் நிரப்பும் படிவத்தில் 'அச்சிட வேண்டிய பெயர்' என்று ஒரு வரி, 'வங்கிக் கணக்கில் உள்ள பெயர்' என்று ஒரு வரி சேருங்கள். எழுதியவர் சம்மதம் இல்லாமல் கைபேசி எண்ணைப் போடாதீர்கள். அடுத்த கதை தயாராக இருக்கிறது, படிவம் மாறிய பிறகு அனுப்புகிறேன்.

இப்படிக்கு,
ஒரு வாசகி

(பெயர், முகவரி தனித்தாளில் உள்ளன. தங்கள் பார்வைக்கு மட்டும்.)