குணத்துக்கு, மோங் ஊருக்குப் போய்வந்த கதை

கொக்குவில்,
தை மாதம்.

அன்பின் குணம்,

நலம். வீட்டில் எல்லாரையும் கேட்டதாகச் சொல். நீ போன் எடுத்த நேரமெல்லாம் "பிறகு எடுக்கிறன்" என்று செய்தி போட்டுவிட்டு எடுக்காமல் இருந்தேன். கோபமாக இருப்பாய், இரு. இந்தக் கதையைப் போனில் சொல்லத் தொடங்கினால் பாதியில் புகுந்து உன் முழங்கால் நோவைத் தொடங்கிவிடுவாய். கடிதம் என்றால் உன்னால் குறுக்கே கதைக்க முடியாது.

மார்கழியில் லாவோசில் மகளோடு நின்றேன். வியன்தியானில் பின்னேரம் மேகொங் ஆற்றங்கரையில் ஒரு நடை நடந்து தேத்தண்ணி குடித்தால் போதும் என்றிருந்தவனை, "சீனி கூடிப்போச்சு, மலை ஏறுங்கோ அப்பா" என்று சியெங் குவாங் மாகாணத்துக்கு இழுத்துக்கொண்டு போனாள். போன்சவன் பட்டணத்திலிருந்து வழிகாட்டியோடு அரை நாள் நடை, மலையில் இருக்கிற மோங் சனத்தின் ஊர் ஒன்றுக்கு. காலையில் வான் வண்டியில் ஏற்றி, ரோட்டு முடிகிற இடத்தில் இறக்கி, நடத்திக் கொண்டுபோய், சோறு தந்து, திரும்பக் கொண்டுவந்து விடுவார்கள். நடப்பதற்குக் காசு கொடுத்தேன் என்று கட்டை ராசனுக்கு மட்டும் சொல்லிவிடாதே.

போன்சவன் 1,100 மீற்றர் உயரத்தில் இருக்கிறது. நுவரெலியாவுக்கென்று வாங்கிய சுவெற்றர் குளிருக்குப் போதாமல் போய்விட்டது. மாகாணத்தின் பழைய தலைநகர் அதில்லை. அது முவாங் குன் என்ற இடம், குண்டு போட்டுத் தரைமட்டமாக்கிவிட்டார்கள், யுத்தம் முடிந்த பிறகு போன்சவனைக் கட்டினார்கள். முதல் நாள் அந்தக் கற்சாடிச் சமவெளியைப் பார்த்தோம். ஆளை உள்ளே இறக்கலாம் என்கிற அளவில் கல்லில் குடைந்த சாடிகள், மேட்டுக்கு மேடு. பூதங்கள் சாராயம் காய்ச்சின என்பது ஊர்க்கதை. செத்தவர்களை அடக்கம் செய்த இடங்கள் என்பது ஆராய்ச்சிக்காரர் முடிவு. எங்கள் பொம்பரிப்பில் கிண்டியெடுத்த ஈமத் தாழிகளைப் பற்றி மகளுக்கு ஒரு விரிவுரை தொடங்கினேன், அவள் கேட்கவில்லை. அவள் பார்த்துக்கொண்டு நின்றது நிலத்தில் பதித்திருந்த சின்னக் கற்களை. ஒரு பக்கம் வெள்ளை, மறுபக்கம் சிவப்பு. வெள்ளைப் பக்கம் மண்ணுக்குக் கீழும் தேடித் துப்பரவாக்கியது. சிவப்புப் பக்கம் மேலால் மட்டும் பார்த்தது. நட்டவர்கள் யார் தெரியுமோ? கண்ணிவெடி அகற்றுகிற மாக் அமைப்பு. மன்னாரிலும் கிளிநொச்சியிலும் எங்கள் பெட்டைகளுக்கு முகமூடி போட்டு நிலத்தைக் கிண்ட வைத்த அதே மாக்.

வழிகாட்டி 25 வயது மதிக்கத்தக்க பெடியன், யாங் குலம். (குலத்தை ஏன் சொல்கிறேன் என்று பேந்து விளங்கும்.) வானை விட்டு இறங்கினதும் அவன் சொன்ன முதற் கதை, பாதையை விட்டு இறங்கக்கூடாது, படம் எடுக்கவென்றாலும் ஒண்டுக்கென்றாலும் பாதையிலேயே. கூட வந்த இரண்டு வெள்ளைக்காரப் பிள்ளைகள் பாம்புக்காக்கும் என்று சிரித்தார்கள். எனக்கு அது பழைய பாடம். 2002இல் யுத்தநிறுத்தத்தில் பாதை திறந்து நீ வந்த நேரம் முகமாலையில் பஸ் நின்றது, ஆம்பிளைகள் எல்லாரும் தார் ரோட்டை விட்டு இறங்காமல் கண்ணிவெடி மண்டையோட்டுப் பலகையைப் பார்த்தபடி வரிசையாக நின்றோமே? சாமி மாஸ்டர் மட்டும் "எனக்கு மறைவு வேணும்" என்று பற்றைக்குப் போக, நீ அவருடைய வேட்டியைப் பிடித்திழுத்து, வேட்டி உன் கையோடு வந்தது. மலையில் அதை நினைத்துத் தனியாகச் சிரித்தேன். மகள் சீனி இறங்கிவிட்டது என்று பயந்து ரொபி தந்தாள்.

கணக்கு வாத்தி கணக்குச் சொல்லாமல் விடமாட்டான், பொறுத்துக்கொள். 1964இலிருந்து 1973 வரை அமெரிக்கா இந்தச் சின்ன நாட்டின் மேல் 20 லட்சம் தொன்னுக்கு மேல் குண்டு போட்டது. 580,000 பறப்புகள். பிரித்துப் பார், இரவு பகலாக ஒன்பது வருசம், ஏறக்குறைய எட்டு நிமிசத்துக்கு ஒரு விமானம். தங்கள் நாட்டுச் சனத்துக்கே ஒளித்துச் செய்த யுத்தம். கொத்துக்குண்டுக்குள் இருந்து சிதறின சின்னக் குண்டுகள் மட்டும் 27 கோடி. அதில் நூற்றுக்கு முப்பது வரை வெடிக்காமல் மண்ணுக்குள் போய்விட்டது. லாவோ சனம் அதைப் 'பொம்பி' என்கிறார்கள். ரென்னிஸ் பந்தளவு. யுத்தம் முடிந்த பிறகு மட்டும் 20,000 பேருக்கு மேல் செத்தோ காயப்பட்டோ இருக்கிறார்கள், அதில் பந்தென்று நினைத்துத் தூக்கிய பிள்ளைகள் எத்தனையோ.

நடை ஒன்றும் கடினமில்லை. சிவந்த மண், மொட்டை மலை, இடைக்கிடை பைன் மரம். குண்டு விழுந்த குழிகளில் தண்ணீர் நின்று தாரா நீந்துகிறது. ஒரு வயற்கிழவன் வேலிக் கட்டைக்குப் பதிலாகக் குண்டுக் கோதுகளை நட்டு வைத்திருந்தான், ஆளுயரம். இன்னொரு கோதை நெடுக்காகப் பிளந்து மண் நிரப்பி வெங்காயத் தார் வளர்க்கிறார்கள். உரும்பிராயில் செல் கோதில் பூமரம் வைத்த உன் சித்தியை நாங்கள் விசர் என்றோம்.

ஊர் ஒரு முப்பது நாற்பது வீடு. லாவோசில் மற்றச் சனம் பெரும்பாலும் கால்மேல் உயர்த்தித்தான் வீடு கட்டும். மோங் வீடு மண்தரையில் நேராக நிற்கும். பலகைச் சுவர், உள்ளே இருட்டு, அடுப்புக்கு மேல் புகையில் தொங்குகிற சோளப்பொத்தி. வாசலுக்கு எதிர்ச் சுவரில் சாமி இடம்: பொன் தாள் ஒட்டி, அதில் கோழி இறகு செருகியிருக்கும். படம் எடுக்கக் கேட்டேன், "வீட்டுக்காரரைக் கேட்கவேண்டும்" என்றான் பெடியன். கேட்காமலே விட்டுவிட்டேன். அடுத்தவன் சாமியறைக்குள் கமராவோடு நிற்க ஒரு மாதிரியாக இருந்தது.

நாங்கள் போனது அவர்களுடைய வருசப்பிறப்பு நாட்களில். நெல் வெட்டி முடிய வருவது. வெளியில் பெட்டைகள் ஒரு வரிசை, பெடியள் எதிர் வரிசை, நடுவில் பந்து போய்வருகிறது. எறிவதும் பிடிப்பதும்தான் விளையாட்டு. உண்மையில் பெண் பார்க்கிற வேலை. பெட்டைகளின் சட்டை முழுக்க வெள்ளிக்காசு, பிரெஞ்சுக்காரன் காலத்துக் காசுகளும் அதில் இருக்கும், கை தூக்கும்போதெல்லாம் கலகலக்கும். பந்து எது என்று கேள். முந்தித் துணிப்பந்து, இப்போது கடையில் வாங்குகிற ரென்னிஸ் பந்து. நான் அதைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நின்றேன். பெடியனிடம் ஒன்றும் கேட்கவில்லை.

ஒரு கிழவி மகளைக் காட்டி, இவளும் எறியலாமே என்றாள். ஆனால் முதலில் இவள் என்ன குலம் என்று தெரியவேண்டுமாம். மோங் சனத்தில் 18 குலம் என்று கணக்குச் சொல்வார்கள்: யாங், வாங், லீ, லோ, மூவா என்று போகும். ஒரே குலத்தவன் கண்காணாத தேசத்தில் பிறந்தாலும் சகோதரன். சகோதரத்தோடு இந்தப் பந்து எறிய முடியாது. எங்கள் குலம் என்ன என்று பெடியன் கேட்டான். என்ன சொல்ல? குடும்பப் பெயராவது சொல்லுங்கள் என்றான். என்னுடைய தகப்பன் பெயரை எனக்கு முன்னாலும், என் பெயரை மகளுக்கு முன்னாலும் எழுதுகிறோம் என்றேன். அவன் மொழிபெயர்க்க, கிழவி யோசித்துவிட்டு, "அப்போ தகப்பனும் மகளும் வேறு வேறு குலமோ?" என்று கேட்டாளாம். சபை முழுக்கச் சிரிப்பு. கடைசியில் கிழவியே தீர்ப்புச் சொன்னாள்: யாங் பெடியன் கூட்டிவந்த ஆட்கள், ஆனபடியால் இன்றைக்கு யாங். யாங் பெடியளோடு எறியக்கூடாது, வாங் பெடியள் பக்கம் போய் நில். என்னுடைய மகள், கல்யாணம் முடித்து ஆறு வயதில் பிள்ளை உள்ளவள், வாங் குலத்து இளந்தாரி ஒருவனோடு பந்தெறிந்தாள். மருமகனுக்கு லீவு கிடைக்காமல் போனதும் நல்லதுக்குத்தான்.

சோற்று நேரம் பெடியனைக் குடைந்தேன். சித்தப்பன் பெரியப்பன் பிள்ளைகள் தங்கச்சி முறை, தொடக்கூடாது. தாய்மாமன் மகளை? கட்டலாம், குலம் வேறுதானே. முந்தி அப்படிக் கட்டுவது வழக்கம்தான் என்றான். குணம், நான் கோழிக்காலைக் கீழே வைத்துவிட்டேன். ஆயிரம் மைல் தள்ளி, மலையில், எங்கள் மச்சாள் முறை! மகள் தலையில் கை வைத்தாள், அப்பா தொடங்கிவிட்டார் என்று. தொடங்கத்தான் செய்தேன். பெண்ணுக்குப் பணம் கொடுத்துக் கட்டுவது, சில இடங்களில் பெண்ணைத் தூக்கிக்கொண்டே போகிற வழக்கம் இருந்தது, எல்லாம் சொன்னான். அந்தப் பகுதியில் எனக்குச் சந்தோசமில்லை, மகள் அவனோடு சண்டைக்கே போய்விட்டாள்.

பிறகுதான் லோ–லீ சங்கதி வந்தது. இதை நான் திரும்பி வந்து தேடியும் வாசித்தேன். அந்த மாகாணத்தின் கிழக்கே நொங் ஹெட் என்ற எல்லைப் பகுதி. லோ பிலியாவோ என்று பெரிய தலைவன். அவனுடைய மகளை லீ குலத்து எழுத்துவாசனை தெரிந்த ஒருவன் கட்டினான். அடி தாங்காமல் அந்தப் பெண் அபினைத் தின்று செத்தாள் என்கிறார்கள். இரண்டு குலத்துக்கும் பகை. அவள் பெற்ற பிள்ளை துபி லீபோங், படித்தவன். 1939 அளவில் பிரெஞ்சுக்காரன் தலைமைப் பதவியை லோ பக்கம் கொடுக்காமல் இவனுக்குக் கொடுத்தான். அதோடு தாய்மாமன் பைடாங் மற்றப் பக்கம் போனான், கம்யூனிஸ்டுகளோடு கடைசிவரை நின்றான். மருமகன் துபி பிரெஞ்சுக்காரனோடும் பிறகு லாவோ அரசரோடும். அதற்குப் பிறகு வந்த மோங் தளபதி வாங் பாவோ அமெரிக்காவின் சி.ஐ.ஏ.யின் காசில் படை கட்டினான், பத்துப் பன்னிரண்டு வயதுப் பெடியளையும் சேர்த்து. வாங் பாவோ பெயரைச் சொல்லும்போது பெடியன் குரலைத் தாழ்த்தினான். யாரும் பக்கத்தில் இல்லை. எனக்கு அந்தக் குரல் நல்லாய்த் தெரியும், உனக்கும் தெரியும்.

கம்யூனிஸ்டுகளின் கை ஓங்க, 1975 மே 14, வாங் பாவோ விமானத்தில் போய்விட்டான். விமானத்தில் இடம் கிடைத்தது ஓரிரண்டாயிரம் பேருக்குத்தான். மற்றச் சனம் நடந்து, மூங்கிலைக் கட்டி மேகொங்கைக் கடந்து தாய்லாந்து முகாம்களுக்குப் போனது. பிள்ளை அழுதால் காட்டிக் கொடுத்துவிடும் என்று நாக்கில் அபின் தடவினார்கள். சிலது எழும்பவே இல்லை. கிளாலியில் இரவில் ஒளித்துக் கடல் கடந்த வள்ளத்துக்குள் பிள்ளையின் வாயைப் பொத்திக்கொண்டிருந்தவளை நீ மறந்திருக்க மாட்டாய். நான் எழுதவில்லை.

இப்போது அமெரிக்காவில் மூன்று லட்சத்துக்கு மேல் மோங் சனம். பெடியனின் மாமி மினசோட்டாவில், செயின்ட் போலில். கனடாவில் உங்கள் ஸ்காபரோ மாதிரி அவர்களுக்கு அந்த ஊர்: கடை, சந்தை, செத்தவீட்டு மண்டபம் எல்லாம் உண்டு. ஒலிம்பிக்கில் தங்கம் எடுத்த சுனிசா லீ அங்கே பிறந்த பிள்ளைதான். மாமி ஒவ்வொரு கிழமையும் வீடியோவில் வந்து, யார் வீட்டில் யாருக்குக் கல்யாணம், என்ன குலம், சரியாகக் கேட்டீர்களா என்று விசாரிப்பாவாம். கேட்டதும் உன் ஞாபகம் வந்தது.

ஆகவே உன் விசாரணைக்கு வருவோம். மகன் கட்ட இருக்கிற பிள்ளையின் தகப்பன் பகுதி ஊரில் எப்படிப்பட்ட ஆட்கள் என்று பார்த்துச் சொல்லச் சொன்னாய். நான் போகவில்லை. இனியும் போகமாட்டேன். அந்தக் கிழவி எங்களிடம் நேரே கேட்டாள், கேட்டதற்குக் காரணம் இருந்தது, பதில் இல்லாதவர்களுக்குத் தானே ஒரு குலம் தந்து பந்தையும் கையில் தந்தாள். நாங்கள் அப்படிக் கேட்கமாட்டோம். ஊரில் எவடம், எந்தக் கோயிலடி, எந்தப் பள்ளிக்கூடம், இன்னாரைத் தெரியுமோ என்று சுற்றி வளைத்து, தேத்தண்ணி ஆறுவதற்குள் வேண்டியதை எடுத்துவிடுவோம். எடுத்த பிறகு அந்தக் கோப்பையை என்ன செய்வோம் என்று உனக்கும் எனக்கும் தெரியும், கொம்மா கிணற்றடியில் தனியாக வைத்திருந்த கோப்பை. அவர்களும் சும்மா ஆட்களில்லை, குலப் பகையால் தங்கள் சனத்தையே இரண்டாக்கினவர்கள்தான். ஆனால் கனடாவில் பிறந்த ஒரு பிள்ளைக்காக நான் இந்த வயதில் சைக்கிள் எடுத்து வேலிக்கு வேலி கேட்டுத் திரிய ஏலாது.

உன் அக்காவுக்குக் கொப்பர் ஏழு தலைமுறை விசாரித்துக் கட்டிக்கொடுத்தார். தங்கச்சிக்கு இடம்பெயர்ந்த அவசரத்தில் ஒன்றும் விசாரிக்கவில்லை. யார் நல்லாயிருக்கிறது? இதற்குமேல் எழுதினால் மரியாதை கெட்டுப்போகும்.

ஊர்ப் புதினம்: சாமி மாஸ்டருக்கு மற்றக் கண்ணின் புரையும் வெட்டியாயிற்று, இப்போது எல்லாரையும் அடையாளம் பிடித்துக் குறை சொல்கிறார். வாசிகசாலைக்குக் கூரை போட்டார்கள், உன் காசு வந்தது, பற்றுச்சீட்டு இதோடு இருக்கிறது. எங்கள் வீட்டு மல்கோவா இந்த வருசம் பூக்கவில்லை.

அந்தக் கிழவியிடம் மகள் ஒரு துணி வாங்கினாள், நீலத்தில் நுணுக்கமான ஊசிவேலை, மூலைக்கு மூலை நத்தைச் சுருள். மருமகளாக வரப்போகிற பிள்ளைக்கு என்று கட்டை ராசனின் மகனிடம் கொடுத்துவிட்டிருக்கிறேன். நீ பிரித்துப் பார்க்காமல் அவளிடம் கொடு. மெசினில் போடவேண்டாம் என்று சொல், சாயம் விடும். கல்யாணத் திகதியையும் கெதியாக எழுது. ஆனியில் என்றால் விசாவுக்கு இப்போதே ஓடவேண்டும், உன் பக்கத்திலிருந்து வரவேண்டிய கடிதத்தை வழமைபோல் கடைசி நேரத்தில் அனுப்பாதே.

அன்புடன்,
மணியம்