ஃபிளாக் என்று பெயர் இருந்தால் போதுமா?

ஆசிரியருக்கு வணக்கம்.

திரைப்பட இசையை லாஸ்லெஸ் தரத்தில், அதாவது பதிவின் ஒலியில் எதையும் இழக்காத கோப்புகளில், கேட்பது பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். 24 பிட், 192 கிலோஹெர்ட்ஸ் என்று எண்கள் ஏற ஏற இசையும் இனிக்கும் என்கிற தொனிதான் இடிக்கிறது. மனிதக் காதுக்கு எட்டுவது ஏறத்தாழ 20 கிலோஹெர்ட்ஸ் வரை, வயதானால் அதுவும் குறையும். சிடியில் ஒலியை நொடிக்கு 44,100 முறை அளந்து பதிகிறார்கள், அதுதான் 44.1 கிலோஹெர்ட்ஸ்; அதில் பாதி வரையுள்ள ஒலி பதிவாகிவிடும். ஒவ்வொரு அளவையும் எவ்வளவு நுணுக்கமாகக் குறிக்கிறார்கள் என்பது பிட். சிடியின் 44.1 கிலோஹெர்ட்ஸும் 16 பிட்டும் நம் காதுக்குத் தாராளம். 24 பிட் ஒலிப்பதிவுக் கூடத்தில் ரொம்ப உதவும், ஆனால் நம் ஹெட்ஃபோனுக்கு வந்து சேரும்போது அதனால் பெரிதாக ஆவது ஒன்றுமில்லை.

கட்டுரை தொடாமல் விட்ட விஷயம் மூலப் பிரதி. கோப்பைச் சிறிதாக்க ஒலியில் ஒரு பகுதியை வெட்டிவிடுவதுதான் எம்பி3, அப்படிப் போனது போனதுதான். அதையே மறுபடி ஃபிளாக் என்கிற லாஸ்லெஸ் கோப்பாக மாற்றினால் கோப்பு பெருக்குமே தவிர ஒலி திரும்பி வராது. இப்படிப்பட்ட போலிகள் ஏராளமாகச் சுற்றுகின்றன. சந்தேகம் இருந்தால் ஒலியின் அதிர்வெண்களைப் படமாகக் காட்டும் ஸ்பெக்ட்ரோகிராமில் போட்டுப் பாருங்கள், 128 கேபிபிஎஸ் (நொடிக்கு 128 கிலோபிட்) எம்பி3யிலிருந்து வந்தது என்றால் பெரும்பாலும் 16 கிலோஹெர்ட்ஸ் பக்கம் கத்தியால் வெட்டினாற்போல் நின்றுவிடும்.

அப்புறம் மாஸ்டரிங், அதாவது வெளியிடுமுன் பாடலின் ஒலியை இறுதியாகச் சீராக்கும் வேலை. பழைய பாடல்களை ரீமாஸ்டர் செய்கிறோம் என்று சொல்லி, மெல்லிய இடத்தையும் உரத்த இடத்தையும் ஒரே மட்டத்துக்கு ஏற்றிவிடுகிறார்கள். முன்பின் தெரியாமல் கேட்பவருக்கு முதலில் அது பளிச்சென்றுதான் இருக்கும், நாலு பாட்டு கேட்டால் காது களைத்துவிடும். லாஸ்லெஸ் அந்தக் கோளாறையும் சேர்த்து ஒரு துளி சிந்தாமல் காப்பாற்றிக் கொடுக்கும்! நெருக்கிப் பிழிந்த ரீமாஸ்டர் ஃபிளாக்கைவிட, பழைய சிடியிலிருந்து கவனமாக எடுத்த 320 கேபிபிஎஸ் எம்பி3யையே நான் தேர்ந்தெடுப்பேன். இந்த 320ஐயும் அதே சிடியின் லாஸ்லெஸ் பிரதியையும் கண்ணை மூடிக்கொண்டு பிரித்துச் சொல்வது பெரும்பாலானவர்களுக்குக் கஷ்டம், எனக்கும்தான்.

அதற்காக லாஸ்லெஸ் வீண் என்று சொல்ல வரவில்லை. பின்னணி இசையில், வயலின்கள் ஒவ்வொன்றாக அடங்கி, கூடத்தின் எதிரொலி மட்டும் மிச்சமிருக்கும் இடங்களைக் குறைந்த பிட்ரேட்டில் கேட்டால் அந்த எதிரொலி சலசலவென்று குழம்பிப்போகும், லாஸ்லெஸ்ஸில் அந்தக் குழப்பம் இல்லை. சேமித்து வைப்பதற்கும் அதுதான் சரி, பின்னாளில் வேறு எந்த லாஸ்லெஸ் வடிவத்துக்கு வேண்டுமானாலும் இழப்பில்லாமல் மாற்றிக்கொள்ளலாம். ஆனால் புளூடூத்தில் கேட்பவர்கள் கவனிக்க வேண்டும்: புளூடூத்தின் ஒலிச்சுருக்க முறைகளான எஸ்பிசி, ஏஏசி இரண்டும் ஒலியை மறுபடி சுருக்கியே அனுப்புகின்றன, இன்னொரு முறையான எல்டிஏசி கூட அதிகபட்சம் 990 கேபிபிஎஸ்தான், சுருக்காத சிடி ஒலிக்கோ 1,411 வேண்டும்.

அடுத்த முறை ஒரு திரையிசைத் தொகுப்பைப் பரிந்துரைக்கும்போது பிட் கணக்கோடு நிறுத்தாமல், அது எந்த மாஸ்டரிலிருந்து வந்தது, பின்னணி இசையும் அதில் உண்டா என்பதையும் விசாரித்து எழுதச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்