ஜெர்மன் சினிமா தொடரில் விடுபட்ட பெயர்

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஜெர்மன் சினிமா பற்றிய உங்கள் தொடரை விடாமல் படிக்கிறேன். ஆனால் போன இதழில் போர் முடிந்த கையோடு நேராக மேற்கு ஜெர்மனியின் அறுபதுகளுக்குப் போய்விட்டீர்கள். கிழக்கு ஜெர்மனிக்கு ஒரே வரி: 'அங்கே வந்ததெல்லாம் பிரசாரப் படம்.' இதை என்னால் ஒத்துக்கொள்ள முடியவில்லை. வொல்ஃப்காங் கோல்ஹாசே எழுதிய நாலு படம் பார்த்தவர்கள் யாரும் அப்படிச் சொல்லமாட்டார்கள்.

1931இல் பெர்லினில் பிறந்தவர். இளைஞர் பத்திரிகையில் வேலை பார்த்துவிட்டு டெஃபா என்ற அரசு ஸ்டுடியோவுக்குத் திரைக்கதை எழுத வந்தார். இயக்குநர் கெர்ஹார்ட் கிளைனும் இவரும் சேர்ந்து 1957இல் கொடுத்த 'பெர்லின், ஷோன்ஹவுசர் முனை', ரயில் மேம்பாலத்துக்கு அடியில் கூடி நிற்கும் இளவட்டங்களின் கதை. அதிகாரிகள் முகம் சுளித்தார்கள், ஜனங்கள் கூட்டம் கூட்டமாகப் போய்ப் பார்த்தார்கள். சரி, அடுத்து நடந்ததுதான் முக்கியம். 1965 டிசம்பரில் கிழக்கு ஜெர்மனியை ஆண்ட கட்சியின் மத்தியக் குழு கூடி சினிமாக்காரர்களை வறுத்தெடுத்தது, அந்த வருஷத்துப் படங்களில் பெரும்பகுதி முடக்கப்பட்டது, அதில் இந்த இருவரின் புதிய பெர்லின் படமும் ஒன்று, இருபது வருஷத்துக்கும் மேல் அது பெட்டிக்குள்ளேயே கிடந்தது. கிளைன் 1970இலேயே இறந்துவிட்டார். படம் வெளிவந்ததை அவர் பார்க்கவே இல்லை. எனக்கு இது இன்னும் ஆறாத விஷயம்.

கோல்ஹாசே பேனாவைக் கீழே வைக்கவில்லை. அப்புறம் இயக்குநர் கொன்ராட் வொல்ஃபோடு சேர்ந்தார். பத்தொன்பது வயதில் சோவியத் செம்படைச் சிப்பாயாக, பிறந்த நாட்டுக்கே திரும்பி வந்தவர் வொல்ஃப். அதே 1945இல் கோல்ஹாசே பெர்லினில் பதினாலு வயதுப் பையன். ஒரே போரை இரண்டு பக்கத்திலிருந்து பார்த்த இருவரும் உட்கார்ந்து எழுதியதுதான் 'எனக்குப் பத்தொன்பது வயது' (1968). சோவியத் சீருடையில் நிற்கிற ஒரு ஜெர்மன் பையன் ஜெர்மன் வீரர்களிடம் சரணடையச் சொல்லி ஒலிபெருக்கியில் கத்துகிறான். அதைப் பார்த்தால் பிரசாரம் என்ற சொல்லே வாயில் வராது.

1980இல் 'சோலோ சன்னி'. ஊர் ஊராகப் போய்ப் பாடும், யாருக்கும் வளைந்துகொடுக்காத ஒரு பெண். நடித்த ரெனாட்டே க்ரோஸ்னருக்குச் சுவருக்கு அந்தப் பக்கம், மேற்கு பெர்லின் திரைப்பட விழாவில், வெள்ளிக் கரடி விருது கிடைத்தது. நாடே மறைந்த பிறகும் 2005இல், எழுபதைத் தாண்டிய வயதில், இயக்குநர் ஆண்ட்ரியாஸ் டிரேசனுக்காக இரண்டு பெர்லின் பெண்களின் கதையை எழுதினார். 2022இல் காலமானார்.

கிளைன், வொல்ஃப், டிரேசன் என்று இயக்குநர்கள் மாறினார்கள், தெருப்பேச்சைக் கேட்ட காது ஒன்றுதான். இயக்குநர் வாரியாகவே எழுதினால் இது கண்ணில் படாது. ஒரு பகுதியாவது அவருக்கு ஒதுக்குங்கள். அவர் அரசு விருது வாங்கியதையும் அவர் படம் முடக்கப்பட்டதையும் சேர்த்தே எழுதுங்கள்.

அன்புடன்,
உங்கள் நெடுநாள் வாசகன்